ரெக்கார்டு ஆகுதாடா?

பழவேற்காட்டில் ஏரியில் வலைபோட முறை வராத, அதாவது பாடு இல்லாத நாளில், பையன்கள் படகு நிழலில் உட்கார்ந்து போனில் பிஜிஎம்ஐ என்ற துப்பாக்கிச் சண்டை விளையாட்டை ஆடுவார்கள். ஆட்டத்தைவிட அதை அவர்கள் பதிவு செய்யும் நேர்த்திதான் எனக்குப் பிடிக்கும். கம்ப்யூட்டர் இல்லை, பிளேஸ்டேஷன் இல்லை. ஓரம் விரிசல்விட்ட போன்தான். உள்ளங்கை ஈரத்தைக் கைலியில் துடைத்து, அழைப்பு எதுவும் குறுக்கே வராமல் அடக்கிவிட்டு, ஸ்க்ரீன் ரெக்கார்டரைத் தட்டுகிறான் ஒருவன்.

விளையாட்டின் சத்தத்தை மட்டும் எடுக்கலாம், மைக்கையும் சேர்க்கலாம். சேர்த்தால்தான் அழகு என்பது என் கட்சி. தோட்டாச் சத்தத்துக்கு நடுவே படகு இன்ஜினின் தடதடப்பு, மீனுக்கு அடித்துக்கொள்ளும் காக்கைகள், "டேய், பின்னாடி வர்றான்டா!" எல்லாம் விழும். பொறுமை அதற்குப் பிறகுதான் தேவை. அரை மணி ஆட்டத்தில் தேறுவது சில விநாடிகள். கட்டைவிரலால் முன்னும் பின்னும் தள்ளித் தள்ளி வெட்டும் இடத்தைத் தேடுகிறான். கால் ஒடியாமல் வலையிலிருந்து நண்டை எடுக்கிற அதே நிதானம். கெட்டிக்காரன் சுடுவதிலிருந்து தொடங்கமாட்டான். எதிரி புல்லுக்குள் அசையும் அந்த இரண்டு விநாடியை முன்னால் விட்டுவைப்பான். போனில் இடம் தீர்ந்தால் அக்கா கல்யாண வீடியோவுக்குத்தான் ஆபத்து.