ஐஸ்லாந்தின் நத்தார்ப் பூதங்கள்: அச்சமும் அருளும்

அச்சம் என்னும் மெய்ப்பாட்டுக்குத் தொல்காப்பியர் நான்கு நிலைக்களன்கள் வகுத்தார். அணங்கு, விலங்கு, கள்வர், தம்மிறை என்பன அவை. வட அத்திலாந்திக் கடலிலே, பனியும் எரிமலையும் சூழ்ந்த ஐஸ்லாந்துத் தீவின் நத்தார்க் கதைகளை நோக்குவார்க்கு, இந்நான்கும் ஒரே பண்டிகையில் ஒருங்கு கூடியிருத்தல் வியப்பளிக்கும். அக்கதைகளின் அச்சம் யாருக்காக, யாரால் எழுப்பப்பட்டது என்பதையும், அதனை ஒரு கவிஞர் எவ்வாறு மாற்றியமைத்தார் என்பதையும் ஆராய்தலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதற்கண் அணங்கு. கிறீலா என்னும் அரக்கியின் பெயர் பதின்மூன்றாம் நூற்றாண்டு நூல்களிலேயே வருகின்றது. ஸ்னொரி ஸ்தூர்லுசொன் இயற்றிய எட்டா என்னும் நூலைச் சார்ந்து வழங்கும், நம் நிகண்டு போன்ற பெயர்ப்பட்டியலில், அரக்கியர் பெயர்களுள் அவள் பெயரும் ஒன்று. ஆயின், அந்நாளில் அவளுக்கும் நத்தாருக்கும் யாதொரு தொடர்பும் இருந்ததாகத் தெரியவில்லை. பதினேழாம் நூற்றாண்டளவிலேதான் அவள் பண்டிகைக் காலத்துப் பூதமாகின்றாள். அக்காலத்தினின்று எழுந்த கிறீலாப் பாடல்களில் அவள் பண்ணைதோறும் அலைந்து திரியும் இரவலாட்டியாகத் தோன்றுகின்றாள். அவள் இரப்பது அடங்காத பிள்ளைகளை. பையில் இட்டுச் சென்று சமைத்துண்பது அவள் வழக்கமாம். கூரையினின்று தொங்கும் பனிக்கூரினை அந்நாட்டார் இன்றும் 'கிறீலாவின் மெழுகுவர்த்தி' என்றே வழங்குவர்.

அடுத்துக் கள்வர். இவர்கள் கிறீலாவின் மைந்தர். இவர்களின் தொகையும் பெயரும் வட்டாரந்தோறும் வேறுபட்டன. ஒன்பதின்மர் என்பாரும் பதின்மூவர் என்பாரும் உளர். பெயர்களைக் கூர்ந்து நோக்குக: கரண்டி நக்கி, பானை சுரண்டி, கிண்ணம் நக்கி, இறைச்சிக் கொளுவி, மெழுகுவர்த்தி இரப்போன். அந்நாளில் மெழுகுவர்த்தி விலங்கின் கொழுப்பினால் ஆயது. ஆதலின் அதுவும் உண்ணற்குரியதே. பொன்னையோ மணியையோ கவர்வான் ஒருவன்தானும் இவர்களுள் இல்லை. நெடிய மாரியின் நடுவே ஓர் ஏழைக் குடியானவன் எவற்றை இழக்க அஞ்சினானோ, அவற்றின் பட்டியலே இப்பெயர்கள் எனலாம்.

விலங்கு, நத்தார்ப் பூனை. இதனைப் பற்றிய எழுத்துச் சான்று பத்தொன்பதாம் நூற்றாண்டுக்கு முன்பு காணப்படவில்லை. யோன் ஆர்னசொன் தொகுத்து 1862 முதல் 1864 வரை வெளியிட்ட நாட்டார் கதைத் தொகுதியில் அது இடம்பெற்றது. நத்தாருக்குப் புத்தாடை ஒன்றேனும் பெறாதாரை அப்பூனை விழுங்கும். அன்றேல் அவர்தம் பண்டிகை உணவையேனும் பறித்துக்கொள்ளும். கூதிர்காலத்தில் ஆட்டு மயிரை நூற்று நெய்யும் வேலையைப் பண்டிகைக்கு முன் முடிப்பிக்கும் பொருட்டு இவ்வச்சம் ஊட்டப்பட்டது என்பர்.

இங்கேதான் நான்காவதாகிய 'தம்மிறை' தோன்றுகின்றது. இறை என்பதில் அரசனேயன்றிப் பெற்றோரும் பண்ணைத் தலைவரும் அடங்குதல் பொருந்தும். அணங்கையும் விலங்கையும் கள்வரையும் ஏவல்கொண்டு நிற்பவர் இவர்களே. பிள்ளைகளை இவ்வாறு வெருட்டுதல் தகாது என்று 1746 ஆம் ஆண்டில், அத்தீவை அந்நாளில் ஆண்ட டென்மார்க்கு அரசு ஆணை பிறப்பித்தது. ஓர் இறையின் சொல்லை மற்றோர் இறை ஏற்கவில்லை போலும்! நூறாண்டு கழித்து ஆர்னசொன் தொகுத்தபோதும் இப்பூதங்கள் உயிரோடிருந்தன.

ஆணையால் ஆகாததை ஆற்றியது ஒரு சிறு கவிதை நூல். யோகன்னெஸ் ஊர் கொட்லும் (1899–1972) என்பார் பள்ளியாசிரியராகத் தொழில் புரிந்தவர். அவர் 1932 இல் 'நத்தார் வருகிறது' என்னும் பொருள்படும் பெயரோடு சிறுவர் பாடல்களை வெளியிட்டார். கள்வர் பதின்மூவர் என்பதும், டிசெம்பர் 12 முதல் 24 வரை நாளுக்கொருவராக மலையிறங்கி வருவர் என்பதும் இந்நூலாலேயே நிலைபெற்றன. ஒவ்வொருவனுக்கும் ஒவ்வொரு கோணங்கித்தனத்தை அளித்தார் கவிஞர். அச்சம் நகையாயிற்று. இதில் ஓர் இழப்பும் உண்டு. வட்டாரங்கள்தோறும் வழங்கிய பல பெயர்கள் இப்பதின்மூவரின் நிழலில் மறைந்தன. அச்சேறிய பாட்டு, வாய்மொழியின் பன்மையைச் சுருக்கிவிடும் என்பதற்கு இதுவும் சான்று.

எனினும் அவருடைய உண்மைச் சாதனை நகையன்று. பூனைப் பாட்டின் இறுதியே அது. முற்பகுதியில் பூனையின் கண்ணும் மீசையும் உகிரும் அச்சந்தர வருணிக்கப்படுகின்றன. பின்னர்க் கவிஞர் குரலை மாற்றி, இன்னும் எதுவுமே பெறாத பிள்ளைகள் இருத்தல் கூடும், அவர்களுக்கு உதவ எண்ணுமின் என்னும் கருத்தைக் கூறி முடிக்கின்றார். நீதியை ஈற்றில் ஒட்டவைத்தார் எனச் சிலர் குறை கூறலாம். அக்குறை மேலோட்டமானது. பழங்கதையில் ஆடையில்லாதவன் சோம்பேறி, ஆதலால் தண்டனைக்குரியவன். பாட்டிலோ ஆடையில்லாமை பிள்ளையின் குற்றமன்று. உள்ளவன் அதனைக் காணாதிருப்பதே குற்றம். பூனை மாறவில்லை, பழி இடம் மாறிற்று. உலகெங்கும் பொருளாதார மந்தம் நிலவிய காலத்தில் இப்பாட்டு வெளிவந்தது என்பதும் நினைவிற்கொள்ளத்தக்கது.

இவ்வாறு நோக்கின், முந்திய உருவங்களும் புதுப்பொருள் பெறுகின்றன. இரந்து திரியும் கிறீலாவும், பானை சுரண்டும் மைந்தரும், பிறர் உணவைப் பறிக்கும் பூனையும் பசியின் வடிவங்களே. உள்ளே இருந்தோர் வெளியே நின்ற பசிக்கு அஞ்சினர். அப்பசிக்குப் பூதமென்று பெயரிட்டனர். அப்பூதத்தின் எதிரே நிற்கும் ஏழைக் குழந்தையைக் காட்டியவர் யோகன்னெஸ்.

இன்று அந்நாட்டுச் சிறுவர் யன்னலில் சப்பாத்தை வைத்துக் கள்வர் தரும் பரிசுக்குக் காத்திருப்பர். குறும்பு செய்தவனுக்குக் கிடைப்பது அழுகிய உருளைக்கிழங்கு. 2018 முதல் தலைநகர் ரெய்க்கியவிக்கில் நத்தார்க் காலத்தே பூனையின் பேருருவம் மின்னொளியில் நிற்கின்றது. அச்சம் காட்சிப்பொருளாயிற்று. காட்சியைக் கண்டு மகிழ்வார், பாட்டின் இறுதி அடிகளையும் மறவாதிருத்தல் வேண்டும். பிள்ளைகளை அச்சுறுத்தி அடக்குதல் எவர்க்கும் எளிது. அவ்வச்சத்தையே அருளாக மாற்றுதல் அரிது. அரிய அதனைச் செய்தவர் ஓர் ஆசிரியர் என்பது, கற்பிப்பார் யாவர்க்கும் பெருமையும் கடமையும் ஆகும்.