நாளை மாற்றிய பாடலா?
அபிராமி அந்தாதி: ஒரு திறனாய்வு

இயற்கையின் போக்கு இறையருளால் தடுக்கப்பட்டது என்னும் கதை மதுராந்தகத்தில் வாழ்வோர்க்குப் புதிதன்று. 18ஆம் நூற்றாண்டின் இறுதியில், கலெக்டர் லயனல் பிளேஸ் காலத்தில், உடையவிருந்த ஏரிக்கரையை இராமர் காத்தார் என்னும் நம்பிக்கை ‘ஏரி காத்த இராமர்’ என்னும் பெயரிலேயே நிலைத்துவிட்டது. அக்கதையில் தடுக்கப்பட்டது வெள்ளம். காலத்தையே ஒரு பாடல் மாற்றியது என்று நம்பப்படும் செய்தியும் தமிழகத்தில் உண்டு. அது திருக்கடையூரில் தோன்றிய அபிராமி அந்தாதியைப் பற்றியது. அந்நூலைக் கிறிஸ்தவ வாசகர் எங்ஙனம் அணுகுவது என்பதே நம் வினா.

1. கதை

தஞ்சையை ஆண்ட மராட்டிய மன்னர் முதலாம் சரபோஜி (1712–1728) தை அமாவாசையன்று திருக்கடையூருக்கு வந்தார். தியானத்தில் ஆழ்ந்திருந்த அபிராமி பட்டரிடம் அன்றைய திதி யாதென வினவ, அவர் பௌர்ணமி என்றார். மன்னர் சினந்தார். பட்டர் நெருப்பின் மேல் நூறு கயிறுகளால் தொங்கிய உறியில் அமர்ந்து, பாடலுக்கொரு கயிறு அறுபடப் பாடினார். 79ஆம் பாடலில் அம்மை தன் காதணியை வானில் வீச, அது முழுமதியாய் ஒளிர்ந்தது. இன்றும் தை அமாவாசையன்று இது அங்கு விழாவாகக் கொண்டாடப்படுகிறது. மார்க்கண்டேயருக்காகச் சிவன் எமனை உதைத்த தலமும் அதுவே என்பர். அறுபதாம், எண்பதாம் ஆண்டு நிறைவுக்கு மக்கள் அங்குத் திரள்வதன் காரணமும் இதுவே. காலத்துக்கு அஞ்சும் மனித உள்ளத்தின் புகலிடம் அவ்வூர் எனலாம்.

2. நூல்

கதையை விடுத்து நூலுக்கு வருவோம். திங்கள் தோன்றியதாகச் சொல்லப்படும் 79ஆம் பாடலில் திங்கள் இல்லை, மன்னர் இல்லை, திதியும் இல்லை. அம்மையின் கண்களில் அருள் உண்டு, மறை காட்டிய வழியில் நடக்கத் தமக்கு நெஞ்சும் உண்டு, அங்ஙனமிருக்கத் தீயோருடன் கூட்டு எதற்கு என்பதே அதன் பொருள். முதலாம் சங்கீதத்தை அறிந்தோர்க்கு இக்குரல் அயலானதன்று. உயிருக்கு மன்றாடும் நேரமென்று கதை கூறும் இடத்தில் நூல் கேட்பது நேரிய வழியையே.

யாப்பும் நோக்கத்தக்கது. ஒரு பாடலின் இறுதி அடுத்த பாடலின் தொடக்கமாவது அந்தாதி. நம் கடல்மல்லையில் பிறந்த பூதத்தாழ்வார் இரண்டாம் திருவந்தாதியை இவ்வகையிலேயே பாடினார். அபிராமி அந்தாதியின் முதற்பாடல் ‘உதித்தல்’ என்னும் வினையால் தொடங்குகிறது. நூறாம் பாடல் அதே வினையால் முடிகிறது. ஆனால் முதலில் உதிப்பது செங்கதிர். இறுதியில் உதிப்பது, நெஞ்சில் எப்போதும் எழும் அம்மையின் தோற்றம். சொல் திரும்பி வந்தது. பொருள் வானிலிருந்து உள்ளத்துக்கு வந்துவிட்டது. இதனைச் செக்குமாட்டுச் சுழற்சி என்று தள்ளுவது நேர்மையன்று. நூல் காட்டும் காலமாற்றம் இதுவே. கதையை நம்பி நூலை மறப்போரும், கதையை நகைத்து நூலைத் தள்ளுவோரும் ஒரே பிழையையே செய்கின்றனர்: இருசாராரும் வானத்தை நோக்குகின்றனர்; ஏட்டை நோக்குவதில்லை.

3. திருமறை

நம் திருமறையும் இவ்வினாவுக்கு விலக்கன்று. யோசுவா 10இல் சூரியன் தரித்து நின்றதைக் கூறுவது ஒரு பழம்பாடல். அது யாசேரின் புத்தகத்தில் உள்ளதென்று வேதமே சுட்டுகிறது. தாவீது சவுலுக்கும் யோனத்தானுக்கும் பாடிய புலம்பலும் அந்நூலைச் சேர்ந்ததே (2 சாமுவேல் 1). அந்நாளின் தனிச்சிறப்பு, கர்த்தர் ஒரு மனிதனின் சொல்லுக்குச் செவிகொடுத்தது என்பதே 14ஆம் வசனத்தின் கருத்து. கவிதையை வானநூல் ஏடாக்கி வழக்காடுவோர் இதனைக் காணத் தவறுகின்றனர்.

எசேக்கியாவின் வரலாறு இன்னும் கூர்மையானது. ஆகாசின் சூரிய கடியாரத்தில் நிழல் பத்துப் பாகை பின்னிட்டது. பதினைந்து ஆண்டுகள் கூட்டப்பட்டன. ஏசாயா 38இல் மன்னரின் பாடல் உண்டு. அதே நிகழ்ச்சியைக் கூறும் 2 இராஜாக்கள் 20இல் அது இல்லை. அதாவது, பாடல் நிழலைத் திருப்பிய கருவியன்று. பிழைத்தபின் எழுந்த நன்றியே. கூட்டப்பட்ட ஆண்டுகளின் விளைவு யாது? மனாசே அரசனானபோது அவனுக்கு வயது பன்னிரண்டு. யூதாவின் மிகக் கொடிய அரசன் அந்தப் பதினைந்து ஆண்டுகளுக்குள்ளேயே பிறந்தான் என்பது தெளிவு. நாட்கள் நீள்வது மட்டும் மீட்பாகாது.

4. முடிவுரை

பட்டர் வணங்கிய தெய்வத்தை நாம் வணங்குவதில்லை. இவ்வேறுபாட்டை மறைத்துப் பேசுவது அவருக்கும் மரியாதையன்று. எனினும் அவர் நூல் நம் வழிபாட்டைக் குறித்து ஒரு வினா எழுப்புகிறது. 91ஆம் சங்கீதத்தைத் தாயத்துப்போல் தலையணைக்கடியில் வைக்கும் வழக்கம் நம் சபைகளிலும் உண்டு. அறுபதாம் ஆண்டு நன்றி ஆராதனையில் ஆயுளைக் கூட்டும்படி வேண்டுகிறோம். கூடிய நாட்களால் அயலானுக்கு என்ன பயன் என்று கேட்பதில்லை. பாடல் நம் நாட்காட்டியைத் திருத்துவதற்காகத் தரப்பட்டதன்று. பாடுவோரைத் திருத்துவதற்காகத் தரப்பட்டது. போதகர்கள் அடுத்த நன்றி ஆராதனையில் மோசேயின் ஜெபமாகிய 90ஆம் சங்கீதத்தை வாசிப்பார்களாக. அது கேட்பது நாட்களைக் கூட்டும் வரம் அன்று. அவற்றை எண்ணும் அறிவு.