ஒலி மீட்பும் புலமையின் மௌனமும்: டோல்கீன் புனைவில் மறைந்த ஒரு மெய்

முன்னுரை

ஜே. ஆர். ஆர். டோல்கீன் (1892–1973) புனைவாசிரியராகப் புகழ்பெறுமுன்பே மொழிநூலறிஞராக விளங்கியவர். 1925 முதல் 1959 வரை ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தில் பேராசிரியராகப் பணியாற்றினார். அவர் படைத்த கற்பனை உலகில் மக்களுக்கு இருப்பது போலவே ஒலிகளுக்கும் வரலாறு உண்டு. அவை திரிகின்றன, மறைகின்றன, சில வேளை மீட்கவும் படுகின்றன. 1968ஆம் ஆண்டளவில் எழுதப்பெற்று, 1996இல் ‘மத்திய பூமியின் மக்கள்’ என்னும் தொகுதியில் வெளிவந்த ‘ஃபெயானோரின் ஷிபோலெத்’ என்னும் ஆக்கம், ஒரே ஒரு மெய்யொலியின் மறைவையும் அதனைக் காக்க எழுந்த முயற்சியையும் பொருளாகக் கொண்டது. அம்முயற்சியின் தோல்விக்கு ஃபெயானோரின் செருக்கு மட்டுமே காரணமன்று, உண்மையை அறிந்திருந்த புலவர்களின் மௌனமும் காரணம் என்பதே இக்கட்டுரையின் கருத்து.

மறைந்த ஒலி

டோல்கீனின் குவென்யா மொழியைப் பேசும் நோல்டோர் இனத்தாரிடையே, ‘திங்க்’ என்னும் ஆங்கிலச் சொல்லின் முதலில் கேட்கும் பல்லொலி, காலப்போக்கில் ஸகரமாகத் திரிந்தது. அரசன் ஃபின்வேயின் முதல் மனைவி மீரியெல் பழைய ஒலியையே விரும்பியவள். தையற்கலைத் திறத்தால் அவள் பெற்ற ‘தெரிண்டே’ என்னும் பெயரிலேயே அவ்வொலி இருந்தது. மகன் ஃபெயானோரை ஈன்றபின் அவள் உயிர் நீத்தாள். ஃபின்வே இண்டிஸ் என்பவளை மணந்தான். இண்டிஸ் பிறந்த குலத்தில் பழைய ஒலி வழக்கில் இருந்தும், புகுந்த குலத்தின் ஸகரத்தையே அவள் ஏற்றாள். தாயின் பெயர் ‘செரிண்டே’ என ஒலிக்கப்படுவதை மகன் தாய்க்கு இழைத்த அவமதிப்பாகக் கொண்டான்.

ஃபெயானோர் மொழியறிவு இல்லாதவன் அல்லன். ‘லாம்பெங்கொல்மோர்’ எனப்படும் மொழிப்புலவர் குழுவைத் தோற்றுவித்தவன் அவனே என டோல்கீனின் பிறிதோர் ஆக்கம் கூறுகிறது. இரண்டு ஒலிகள் ஒன்றானால் வேறுபட்ட வேர்ச்சொற்கள் ஒன்றோடொன்று மயங்கும் என்பது புலவர்களின் வாதம். அறத்துக்கும் அரத்துக்கும், கறைக்கும் கரைக்கும் இடையிலான வேறுபாடு செவிக்கு எட்டாமற்போகும் நிலையை எண்ணினால் இவ்வாதத்தின் வலிமை தமிழர்க்கு எளிதில் விளங்கும்.

பழி யாருடையது?

ஃபெயானோரின் கருத்து சரியானதே என்று டோல்கீன் ஐயமின்றிக் குறிப்பிடுகிறார். அமைதி நிலவியிருந்தால் அது வென்றிருக்கும் என்றும், அவன் அதனைத் தன் சொந்தப் பகையாக்கிக் கொண்டதாலும் பின்னர் இழைத்த தீமைகளாலும் அது புறக்கணிக்கப்பட்டது என்றும் விளக்குகிறார். இவ்விளக்கம் பழி முழுவதையும் ஒருவன்மீது சுமத்துகிறது. ஆனால் அதே இடத்தில், பிற மொழிப்புலவர் அனைவரும் வெளிப்படையாகவோ தமக்குள்ளோ அவன் கருத்தை ஏற்றிருந்தனர் என்ற செய்தியும் உள்ளது. பனுவலின் மிக முக்கியமான வரி இதுவே. தமக்குள் உடன்பட்டவர் அவையில் ஏன் உரைக்கவில்லை? டோல்கீன் இவ்வினாவை எழுப்பவில்லை. சரியான கருத்தொன்று வெறுக்கத்தக்கவன் வாயில் வந்தபோது, கருத்தையும் ஆளையும் பிரித்துக் காட்டும் கடமை புலவருடையது. அக்கடமை தவறியதால் ஒலி ஒரு கட்சியின் கொடியாயிற்று.

தலைப்பும் இதனையே சுட்டுகிறது. விவிலியத்தின் நீதித்தலைவர்கள் நூலில் ‘ஷிபோலெத்’ என்னும் சொல்லைச் சரியாக ஒலிக்க இயலாத எப்பிராயீமியர் யோர்தான் துறைகளில் கொல்லப்பட்டனர்; மாண்டவர் 42,000 பேர் என்கிறது அந்நூல். ஒலி ஆளை அடையாளம் காணும் கருவியானால் அதன் மொழியியற் பயன் மறக்கப்படுகிறது.

எழுத்தின் நினைவு

நாவு மறந்ததை எழுத்து நினைவில் வைத்திருப்பதையும் டோல்கீன் காட்டுகிறார். ‘த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ நூலின் பின்னிணைப்பில் ஓர் எழுத்தின் பெயர் ‘தூலே’ என்றும் ‘சூலே’ என்றும் இரு வடிவிலும் தரப்பட்டுள்ளது. மாறாக, 1977இல் வெளியான ‘சில்மரில்லியன்’ தாயின் பெயரைச் ‘செரிண்டே’ என்றே அச்சிடுகிறது; ஒலிப்பூசல் அதில் இடம்பெறவே இல்லை. பரவலாக வாசிக்கப்படும் நூலில் மகன் வெறுத்த வடிவமே நிலைத்துவிட்டது. இதில் பதிப்பாளரின் பக்கச்சார்பைக் காண வேண்டியதில்லை. எனினும் மௌனம் எவ்வாறு வழக்காகிறது என்பதற்கு இதுவே சான்று.

தமிழ் நோக்கு

தொல்காப்பியப் பிறப்பியல் றகரத்தை நுனிநா அண்ணத்தை ஒற்றப் பிறப்பதாகவும், ரகரத்தை வருடப் பிறப்பதாகவும் வேறுபடுத்துகிறது. இன்று தமிழகப் பேச்சில் தனி றகரம் பெரும்பாலும் ரகரத்தோடு ஒன்றிவிட்டது. ஈழத்து வழக்கோ ‘ற்ற’ என்னும் இரட்டிப்பில் பழைய வல்லொலியைக் காக்கிறது. அதே ஈழத்து வழக்கில் ழகரம் பெரிதும் ளகரமாகிவிட்டது. ஆய்த எழுத்தின் நிலை வேறு: அதன் பழைய ஒலி பேச்சில் இல்லை, ஃபெயானோர் என்னும் பெயரின் முதலொலியை எழுதுவது போன்ற புதிய பணி அதற்கு வாய்த்துள்ளது.

ஆகவே, ழகரம் வராத நாவை நகைப்பவரும், றகரம் மயங்கும் நாவைக் குறைகூறுபவரும் தத்தம் இழப்பை அறியாதவரே. ஒருவர் இழந்ததை மற்றொருவர் காத்து வைத்திருக்கிறார்.

நிறைவுரை

ஒலி மீட்பு மொழிப்பற்றினால் மட்டும் நிறைவேறுவதில்லை என்பதை டோல்கீனின் ஆக்கம் உணர்த்துகிறது. சினத்தோடு கற்பிக்கப்படும் ஒலியைக் கேட்போர் அச்சினத்தோடு சேர்த்தே விலக்குவர். அயல்நாடுகளில் வளரும் தமிழ்ப் பிள்ளைகளுக்கு ஒலிப்பைக் கற்பிக்கும்போது இது மறக்கத்தக்கதன்று: திருத்தம் ஏளனமாகுமாயின் பிள்ளை ஒலியைத் திருத்திக்கொள்ளாது; பேச்சையே விட்டுவிடும். அந்நிலையில் அறிந்தோர் தமக்குள் மட்டும் வருந்தி அமைவது போதாது. அவையிலும் வகுப்பறையிலும் எடுத்துரைக்க வேண்டும்.