பதினாறு சொல், ஒரு தள்ளுவண்டி

'புதுக்கவிதைக்கு விதியே கிடையாது' என்று விடைத்தாளில் எழுதிடாதீங்க, மாணவர்களே. அமெரிக்க மருத்துவர் வில்லியம் கார்லோஸ் வில்லியம்ஸ் 1923இல் வெளியிட்ட 'ஸ்பிரிங் அண்ட் ஆல்' நூலைப் பாருங்கள். உரைநடையும் கவிதையும் கலந்த நூல். உரைநடை சில இடங்களில் சலிப்புத்தான். ஆனால் 22ஆம் கவிதை! பின்னாளில் 'சிவப்புத் தள்ளுவண்டி' என்று பேர் வாங்கியது. மொத்தமே 16 சொல், நான்கு கண்ணி. ஒவ்வொன்றிலும் முதலடியில் மூன்று சொல், அடுத்ததில் ஒன்றே ஒன்று. 'தள்ளுவண்டி' என்பதற்கான ஆங்கிலச் சொல்லையே இரண்டாக உடைத்து, பாதியை அடுத்த அடிக்குத் தள்ளுகிறார். உவமை கிடையாது. யாப்பு போனது, கணக்கு போகவில்லை.

ஆசிரியர்களே, நம்ம கேமரன் மலைத் தோட்டத்துப் பிள்ளைகளிடம் கவிதை கேட்டால் நிலா, ரோஜா என்றே வருகிறது. கொழுந்துக் கூடை மழையில நனைஞ்சு கிடக்குதே, அது கவிதைக்கு ஆகாதா? அடியை எங்கே முறிப்பது என்று மட்டும் யோசித்து, உவமையில்லாமல் அதை எழுதச் சொல்லிப் பாருங்க.