சுருளைத் தேடியவரும் சுருளில் இருப்பவரும்

பழைய படச்சுருள்களைத் தேடிப்பிடித்து ஆவணப்படம் செய்யும் வேலைக்குத் தமிழில் ஏ. கே. செட்டியாரைவிடப் பெரிய முன்னோடி இல்லை. 1937 அக்டோபர் 2ஆம் தேதி, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போன கப்பலில் காந்தியைப் பற்றிப் படம் எடுக்கும் எண்ணம் அவருக்கு வந்தது. பிறகு நாடு நாடாக அலைந்தார். முப்பது ஆண்டுகளில் சுமார் நூறு பேர் எடுத்திருந்த துண்டுகளிலிருந்து 50,000 அடி திரட்டினார். இன்றைய வேகத்தில் ஓட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும். அதில் 12,000 அடியைத் தேர்ந்து 1940இல் வெளியிட்டார்.

இந்த வேலையின் பெருமை இதுதான்: ஒருவருக்கொருவர் முன்பின் தெரியாத நூறு பேர் பார்த்ததைத் தேடுகிறவர் ஒரே வரிசையில் வைத்துவிடுகிறார். குறையும் அங்கேயே இருக்கிறது. செய்திப்பட நிறுவனம் எதைப் படம்பிடித்ததோ அதுதான் கிடைக்கும். அது திரும்பிப் பார்க்காத பக்கம் வரலாற்றிலும் இருட்டாகிவிடும்.

கிடைத்ததையும் சரியாகக் காட்டுகிறோமா? மௌனப்பட காலத்துச் சுருள்கள் பெரும்பாலும் நொடிக்கு 16, 18 பிரேம் என்ற கணக்கில் எடுக்கப்பட்டவை. இன்றைய 24 பிரேம் வேகத்தில் ஓட்டினால் மனிதர்கள் துள்ளித் துள்ளி நடப்பார்கள். காந்தி வேகமாக நடப்பவர்தான். ஆனால் திரையில் தெரியும் அந்தப் பொம்மைத் துள்ளல் அவருடையதில்லை. இதைத் திருத்தாமல் ஒட்டிவிடுவதைச் சிறு பிழை என்று என்னால் விடமுடியவில்லை.

செட்டியார் அரும்பாடுபட்டுச் செய்த தமிழ்ப் படமே இன்று நம் கையில் இல்லை. 1953இல் அமெரிக்காவில் வெளியான ஆங்கில வடிவத்தைத்தான் வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி அங்குள்ள பல்கலைக்கழகம் ஒன்றில் கண்டெடுத்தார். தேடி அலைந்த கதையைச் செட்டியார் எழுதிவைத்ததால், படம் தொலைந்தும் அதன் தடம் தொலையவில்லை.

இன்னொரு குறை, என் மனத்தை அதிகம் அறுப்பது. சுருளுக்கான கட்டணம் உரிமையாளருக்குப் போகிறது. சுருளில் இருப்பவருக்கு எதுவும் போவதில்லை. மூலிகை அறிவில் நிலைமை வேறு. கேரளத்தில் பொன்முடி அடிவாரத்துக் கல்லாற்றில் வாழும் காணி பழங்குடிச் சமூகத்து வைத்தியர் லட்சுமிக்குட்டி அம்மா 2018இல் பத்மஸ்ரீ பெற்றார். அதே காணிகள் காட்டிய ஆரோக்கியப்பச்சைச் செடியிலிருந்து பாலோட்டுத் தாவரவியல் ஆய்வு நிறுவனம் 'ஜீவனி' மருந்தை உருவாக்கியது. 1990களில் அதன் உரிமத் தொகையில் பாதியைக் காணிகளுக்கு ஒதுக்கியது. மூலிகை அறிவுக்குப் பங்கு உண்டு என்று ஒத்துக்கொண்ட நாம், அதைச் சொல்லும் முகத்துக்கும் குரலுக்கும் அப்படியொரு கணக்கு வைத்ததில்லை.

இன்று கல்லாற்றில் எடுக்கும் காட்சியை ஐம்பது ஆண்டு கழித்து யாரோ தேடுவார்கள். பேசியவர் பெயர், நாள், இடம், அவர் எதற்குச் சம்மதித்தார் என்பதை எடுக்கும்போதே எழுதவேண்டும். ஒரு பிரதியை அந்தக் காணிக் குடியிருப்பிலேயே கொடுத்துவிட்டுத் திரும்பவேண்டும்.