வண்டும் வெட்டுக்கிளியும் பொருத கோதா

1912-ஆம் ஆண்டில் மாஸ்கோவில், கான்ஷோன்கோவின் திரைப்பட ஸ்தாபனத்துக்காக லாடிஸ்லாஸ் ஸ்டாரெவிச் உருவாக்கிய ‘ஒளிப்பதிவாளரின் பழிவாங்கல்’ என்னும் மௌனப்படம், பூச்சிகளே பாத்திரங்களாக வரும் ஹாஸ்ய சித்திரம் என்று பிரசித்தி பெற்றிருந்தாலும், மல்யுத்தத்தை ரசிக்கத் தெரிந்தவர்கள் அதிலுள்ள இரண்டு கைகலப்புகளுக்காகவே அதைத் திரும்பத் திரும்பப் பார்க்க வேண்டும் என்பது என் திடமான அபிப்பிராயம்.

பூச்சிகளைப் பொம்மைபோல் இயக்கிப் படமெடுக்கும் துறையில் ஸ்டாரெவிச் பிரவேசித்ததே ஒரு சண்டையை முன்னிட்டுத்தான். கௌனஸ் நகரத்து இயற்கை விஞ்ஞானக் காட்சிசாலையில் பணியாற்றியபோது, மான்கொம்பு வண்டுகள் இரண்டு பொருதுவதைப் படமெடுக்க அவர் விளக்கேற்ற, இரவில் சஞ்சரிக்கும் அப்பிராணிகளோ வெளிச்சத்தில் அசைவற்றுக் கிடந்தன. ஆகவே உயிரற்ற வண்டுகளின் உடலில் கம்பியும் மெழுகும் கொண்டு கால்களைப் பொருத்தி, ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் இடையே இம்மியளவு நகர்த்தி, 1910-இல் அந்தப் போரைத் தாமே நடத்திக் காட்டினார்.

மனைவியை வீட்டில் விட்டு நகரத்துக்கு வரும் வண்டுக் கனவான், நடன விடுதியில் ஆடும் தும்பி நங்கையிடம் மனத்தைப் பறிகொடுக்க, அவளையே நாடிவந்த வெட்டுக்கிளி குறுக்கிட, முதற்சண்டை மூளுகிறது. பூச்சிக்கு இமையில்லை, புருவமில்லை, புன்னகைக்க இதழுமில்லை. அக்காலத்து மனித நடிகர்கள் முகத்தைக் கோணி வெளியிட்ட கோபதாபங்களையெல்லாம் இவை பின்னங்கால்களில் நின்றவாறு, உடலின் சாய்வாலும் கைகளாகிவிட்ட முன்னங்கால்களின் வீச்சாலுமே தெரிவித்தாக வேண்டும். வண்டின் பலம் கனத்தில், வெட்டுக்கிளியின் பலம் நெடிய கால்களில் என்ற இயற்கை வேற்றுமையை ஸ்டாரெவிச் ஒரு கணமும் மறக்கவில்லை; ஹாஸ்யம் பிறப்பதும் அங்கேதான். ஸ்டாரெவிச்சின் படங்களில் வருபவை பழக்கப்படுத்தப்பட்ட உயிருள்ள பூச்சிகள் என்று லண்டனில் சிலர் நம்பினார்களாம். அதைவிடப் பெரிய பாராட்டு வேறென்ன வேண்டும்!

கோதாவில் தோற்ற வெட்டுக்கிளி, தொழிலால் ஒளிப்பதிவாளர். அது சைக்கிளில் பின்தொடர்ந்து, காதலர் தங்கிய ஹோட்டல் அறையின் சாவித் துவாரத்தின் வழியே யாவற்றையும் படமெடுத்து, பின்னர் வண்டு தன் மனைவியோடு வந்திருக்கும் சினிமாக் கொட்டகையில் அதையே திரையிட்டுவிடுகிறது. மானம் போன வண்டு ஆவேசங்கொண்டு வெட்டுக்கிளியின் மேல் பாய்கிறது. படம் காட்டும் இயந்திரம் தீப்பற்றுகிறது. தம்பதிகள் சிறைக்குப் போகிறார்கள். இரண்டாவது சண்டையில் வண்டின் கனம் குறையவில்லை, நிதானம்தான் குறைந்துவிட்டது. எதிரியின் பலத்தோடு மோதாமல் அதன் ரகசியத்தோடு மோதிய வெட்டுக்கிளிக்கே ஆட்டம் சேர்ந்தது என்று நான் தீர்ப்பளிப்பேன்.