பொத்தானும் பேப்பர் கிளிப்பும்

மேசையில் பழைய துண்டு ஒன்றை விரித்து இரண்டு பிஸ்டல்களை வைத்திருக்கிறேன். இரண்டும் அமெரிக்காவின் ரூகர் நிறுவனத் தயாரிப்பு. இரண்டும் .22 தோட்டா சுடுபவை. சற்றுத் தள்ளி நின்று பார்த்தால் இரட்டைப் பிள்ளைகள் மாதிரி இருக்கும். ஒன்று நான் வாங்கிய மார்க் 4 டார்கெட். இன்னொன்று நண்பருடைய மார்க் 3. ஒப்பிட்டு எழுத வேண்டும் என்று இரவல் கேட்டபோது, பிஸ்டலோடு சேர்த்து நிமிர்த்திய பேப்பர் கிளிப் ஒன்றையும் நீட்டினார். எதற்கு என்று கேட்டேன். “பிரிக்கும்போது தெரியும்” என்றார்.

நான் இருக்கும் டெக்சாஸில் சனிக்கிழமை காலை ரேஞ்சுக்குப் போய்க் காகித இலக்கைச் சுடுவது, நம் ஊரில் கேரம் போர்டு ஆடுவதுபோலச் சாதாரணப் பொழுதுபோக்கு. அதற்கு .22 தோட்டாதான் தோது. விலை மலிவு, உதைப்பு குறைவு, சத்தமும் குறைவு. குண்டு வெறும் 40 கிரெயின், அதாவது சுமார் இரண்டரை கிராம். ஆனால் அழுக்கு விஷயத்தில் இந்தச் சின்னத் தோட்டாவை மிஞ்ச ஆளில்லை. பெரும்பாலானவற்றில் ஈயக் குண்டின்மேல் மெழுகோ கிரீஸோ பூசியிருப்பார்கள். சுடச் சுட அந்த மெழுகும் ஈயத்தூளும் மருந்துக் கரியும் சேர்ந்து, அடுப்படிச் சுவரில் படியும் எண்ணெய்ப் பிசுக்கு மாதிரி உள்ளே அப்பிக்கொள்ளும். நானூறு ஐந்நூறு ரவுண்டு ஆனதும் தோட்டா முழுதாக உள்ளே போகாமல் நிற்கும், வெறும் கூடு வெளியே வராமல் மாட்டும். ஆகவே .22 பிஸ்டல் வாங்குகிறவர் முதலில் கேட்க வேண்டிய கேள்வி எவ்வளவு துல்லியமாகச் சுடும் என்பதல்ல, எவ்வளவு சுலபமாகப் பிரியும் என்பதுதான்.

இந்தக் கேள்விக்கு ரூகரிடம் 67 ஆண்டுகளாகச் சரியான பதில் இருக்கவில்லை.

வில்லியம் ரூகரும் அலெக்சாண்டர் ஸ்டர்மும் 1949இல் கனெக்டிகட் மாநிலத்தின் சவுத்போர்ட்டில் நிறுவனத்தைத் தொடங்கினார்கள். மூளையில் கிடந்த யோசனை ரூகருடையது, 50,000 டாலர் முதல் ஸ்டர்முடையது. இரண்டாம் உலகப் போரிலிருந்து திரும்பிய வீரர் ஒருவரிடமிருந்து ஜப்பானிய நம்பு பிஸ்டல் ஒன்றை வாங்கி, அதைப் பார்த்துத் தன் கராஜில் இரண்டு நகல்களைக் கடைந்து பார்த்தவர் ரூகர். அங்கிருந்து வந்ததுதான் உருளை வடிவ போல்ட். வழக்கமான பிஸ்டலில் மேலே உள்ள ஸ்லைடு முழுவதும் பின்னால் ஓடித் திரும்பும். இதிலோ குழலும் மேல்கூடும் அசையாது, உள்ளே இருக்கும் போல்ட் மட்டும் சைக்கிள் பம்பின் தண்டுபோலப் போய்வரும். குறிபார்க்கும் முனைகள் அசையாத பகுதியில் இருப்பதால் குறி தப்புவதில்லை.

முதல் மாடலின் விலை 37.50 டாலர். அன்றைக்குப் பேர்போன கோல்ட் உட்ஸ்மனைவிட நன்றாகவே மலிவு. மலிவின் ரகசியம் பிடியில் இருந்தது. எஃகுக் கட்டியைக் கடைந்தெடுக்காமல், தகட்டை அச்சில் அழுத்தி இரண்டு பாதியாக எடுத்து, நடுவில் வெல்டிங் செய்து ஒட்டிவிட்டார்கள். ‘அமெரிக்கன் ரைஃபிள்மன்’ இதழில் ஜூலியன் ஹாட்சர் எழுதிய விமர்சனம் அந்தப் பிஸ்டலைத் தூக்கி நிறுத்தியது. (விமர்சனம் எழுதுகிறவனுக்கு இதைச் சொல்வதில் ஒரு சின்னச் சுயநலம் உண்டு.) ஸ்டர்ம் 1951இல் இளவயதிலேயே இறந்துபோக, பிஸ்டலின் பிடியில் இருந்த சிவப்புக் கழுகு முத்திரையைத் துக்கத்துக்காகக் கறுப்பாக மாற்றினார் ரூகர்.

1982இல் மார்க் 2, 2004இல் மார்க் 3 என்று மாடல் மாறியதே தவிர, பிரிக்கும் முறை அப்படியேதான் இருந்தது. நண்பரின் மார்க் 3ஐ எடுத்துக்கொண்டேன். மேகசினைக் கழற்றி, போல்ட்டை இழுத்து, தோட்டா உட்காரும் சேம்பரைக் கண்ணால் பார்த்து, விரலை விட்டுத் தடவியும் பார்த்தேன். தோட்டாப் பெட்டி அந்த அறையிலேயே கிடையாது. இதை நான் ஒருநாளும் தவிர்ப்பதில்லை. காலித் துப்பாக்கி என்று நினைத்துச் சுத்தம் செய்யப்போய்ச் சுவரில் ஓட்டை போட்டவர்கள் இங்கே ஊருக்கு ஒருவராவது உண்டு.

அடுத்ததாக, தோட்டாவை வெடிக்கவைக்கும் சுத்தியலான ஹாமரை இறக்க வேண்டும். அதற்கு டிரிக்கரை இழுத்தாக வேண்டும். மேகசின் இல்லாமல் டிரிக்கர் வேலை செய்யாதபடி மார்க் 3இல் ஒரு தடுப்பு இருக்கிறது. எனவே காலி மேகசினைத் திரும்பச் செருகி, டிரிக்கரை இழுத்து, மறுபடி கழற்றினேன். இதன் பிறகுதான் பேப்பர் கிளிப்புக்கு வேலை. பிடியின் முதுகில் ஒரு நெம்பு பதுங்கியிருக்கும். நகத்துக்குச் சிக்காது. கிளிப்பை விட்டு நெம்பினால் மெயின்ஸ்பிரிங் கூடு கதவுபோல வெளியே திறக்கும். அதைக் கீழே இழுத்தால் கூடவே ஒரு நீளமான பின் வரும். மேல்பாகத்துக்கும் போல்ட்டுக்கும் அந்தப் பின்தான் பூட்டு. பின் வந்த பிறகும் மேல்பாகம் சும்மா கழன்று வராது, ரப்பர் சுத்தியலால் ஒரு தட்டுத் தட்டி முன்னால் நகர்த்த வேண்டும்.

இதுவரை பரவாயில்லை. திரும்பச் சேர்ப்பதில்தான் மனிதர்கள் தோற்கிறார்கள். பின்னை உள்ளே செலுத்திக் கூட்டை மூடும் வேளையில், ஹாமரிலிருந்து தொங்கும் சிறு கம்பி ஒன்று மெயின்ஸ்பிரிங்கின் தலையில் உள்ள குழியில் போய் உட்கார வேண்டும். உள்ளே எட்டிப் பார்க்க வழியில்லை. பிஸ்டலைச் சரியான கோணத்தில் சாய்த்துப் பிடித்தால் கம்பி தானே ஊசலாடி வந்து விழும். கோணம் தப்பினால் கூடு மூடிக்கொள்ளும், பார்வைக்கு எல்லாம் சரியாகவே இருக்கும், போல்ட்டை இழுத்தால் மட்டும் பாதி வழியில் நின்றுவிடும். எனக்கு முக்கால் மணி நேரம் ஆனது. தவறு என்னுடையதுதான். கையேட்டில் ஒரு படத்தைத் தாண்டிப் போயிருந்தேன். நம் சினிமாவில் கதாநாயகன் கண்ணைக் கட்டிக்கொண்டு துப்பாக்கியைப் பிரித்துச் சேர்ப்பான். அவன் கையில் மார்க் 3ஐக் கொடுத்திருந்தால் இடைவேளைவரை அதே காட்சிதான்.

இதன் விளைவு என்ன? நிறையப் பேர் பிரிப்பதையே விட்டுவிட்டார்கள். குழலின் வாய்ப்பக்கமாகக் கம்பியை விட்டு நாலு இழுப்பு, போல்ட் பக்கம் ஸ்ப்ரே அடித்து ஒரு துடைப்பு, வேலை முடிந்தது. குண்டு வெளியேறும் கடைசி விளிம்பு துளி சிதைந்தாலும் குறி கெடும் என்பதால், வாய்ப்பக்கமாகக் கம்பி விடுவதைப்போல ஒரு நல்ல குழலுக்குச் செய்யக்கூடிய துரோகம் வேறில்லை.

மார்க் 4 2016இல் வந்தது. பிடி இப்போது ஒட்டுப்போட்ட தகடு இல்லை, கணினி இயந்திரத்தில் ஒரே கட்டியிலிருந்து கடைந்தெடுத்தது. முன்பு மெயின்ஸ்பிரிங் கூட்டோடு வெளியே வந்துகொண்டிருந்த பின், இப்போது பிடியிலேயே நிலையாக நிற்கிறது. என் கணக்கில் இதுதான் உண்மையான மாற்றம். பொத்தான் அதன் வெளித்தோற்றம்தான். 1949இல் மலிவாகச் செய்ய ஒரே வழி தகடும் வெல்டிங்கும். அப்படி ஒட்டிய கூட்டில் எல்லாவற்றையும் பிடித்துவைக்க ஒரு பின்னும் ஒரு நெம்பும் தேவைப்பட்டன. கடைசல் இயந்திரம் மலிவான பிறகு அந்தத் தேவை போய்விட்டது. இரண்டு தலைமுறை சுட்டவர்கள் திட்டிக்கொண்டே பேப்பர் கிளிப் தேடியதெல்லாம் அந்த 37.50 டாலருக்குக் கட்டிய வட்டி.

பிரிப்பதைச் சொல்ல அதிகமில்லை. மேகசின் வெளியே, சேம்பர் காலி என்று உறுதி, போல்ட்டை மூடி சேஃப்டியை ஏற்ற வேண்டும். பிடியின் பின்பக்கம், போல்ட்டின் காதுகளுக்குக் கீழே ஒரு பொத்தான். கட்டைவிரலால் அழுத்தினால் மேல்பாகம் பின்னால் எழும்பி, முன்பக்கக் கீலில் சாய்ந்து, கையோடு வந்துவிடும். கவிழ்த்தால் போல்ட் பின்வழியாக வழுக்கி வெளியே விழும். மேசையில் மூன்று துண்டுகளோடு மேகசின். நான் எண்ணிப் பார்த்தேன், பத்து விநாடி ஆகவில்லை.

வேகத்தைவிட எனக்குப் பிடித்தது வேறு. இதில் டிரிக்கரைத் தொடவே வேண்டியதில்லை. உலகம் முழுக்கப் புழங்கும் குளாக் உட்படப் பல பிஸ்டல்களில் பிரிப்பதற்கு முன் டிரிக்கரை இழுத்தாக வேண்டும். சேம்பரைப் பார்க்க மறந்த ஒருநாளில் அந்த ஒரு இழுப்பு போதும். மார்க் 4 சேஃப்டி ஏறிய நிலையிலேயே பிரிகிறது. சுத்தம் செய்யும் மேசையில் இதைவிடப் பெரிய வசதி எனக்குத் தெரியவில்லை.

சுத்தம் செய்வதற்கு வருவோம். கதவு, ஜன்னலைத் திறந்துவைத்து, கையுறையும் கண்ணாடியும் போட்டுக்கொண்டேன். கரியில் ஈயம் இருக்கிறது, கரைசலின் நெடியும் லேசானதல்ல. பக்கத்தில் டீ டம்ளர் வைக்கும் பழக்கம் இருந்தால் விட்டுவிடுங்கள். முதல் கவனம் போல்ட்டின் முகத்துக்கு. தோட்டாவின் அடிப்பாகம் வந்து உட்காரும் அந்தக் குழிவும், கூட்டைப் பிடித்திழுக்கும் எக்ஸ்ட்ராக்டரின் கொக்கியும்தான் அழுக்கின் தலைமையகம். பழைய டூத் பிரஷ்ஷில் கரைசல் தொட்டுத் தேய்த்து, கொக்கிக்கு அடியில் பல்குத்தும் குச்சியால் சுரண்டினால் கறுப்பு மெழுகு சுருள் சுருளாக வரும். அடுத்தது சேம்பரின் வாய். குழலுக்கு ஈரத்துணி இரண்டு, காய்ந்த துணி இரண்டு, அதுவும் பின்பக்கமாக. பித்தளை பிரஷ்ஷை ஒவ்வொரு முறையும் குழலுக்குள் ஓட்ட வேண்டும் என்கிற கட்சியில் நான் இல்லை. .22 குழல் தேய்வது சுடுவதால் அல்ல, அளவுக்கு மீறித் தேய்ப்பதால்தான்.

போல்ட்டையே உடைத்துப் பிரிக்க ஆசைப்படாதீர்கள். ஃபயரிங் பின்னைத் தடுத்து நிறுத்தும் ஒரு குட்டி எஃகுத் துண்டு உள்ளே இருக்கிறது. அதைத் திரும்பப் போட மறந்துவிட்டு வெறுமையாகச் சுட்டுப் பழகினால், ஃபயரிங் பின் சேம்பர் விளிம்பைக் கொத்திவிடும். எண்ணெய் விஷயத்தில் என் குரு அம்மாவின் தையல் மெஷின்: அம்மா ஒரு சொட்டு விட்டு, உடனே துணியால் ஒற்றி எடுத்துவிடுவார். போல்ட்டின் பக்கவாட்டில் அவ்வளவு பளபளப்பு போதும். மிச்சமெல்லாம் அடுத்த சனிக்கிழமைக் கரியைப் பிடித்துவைக்கும் பசை.

சேர்க்கும்போது போல்ட்டை முழுக்க முன்னால் தள்ளி, மேல்பாகத்தின் முன்கொக்கியைப் பிடியின் முன்பக்கத்தில் மாட்டிக் கீழே அழுத்த வேண்டும். ‘டக்’ என்ற சத்தம். அவ்வளவே. ஹாமர் ஏறிய நிலையிலும் சேஃப்டி மேலேயும் இருக்க வேண்டும் என்பதை மட்டும் மறக்கக் கூடாது.

குறையே இல்லையா? எடை 1.2 கிலோ. சின்னக் கை உள்ளவருக்கு ஐம்பது ரவுண்டில் மணிக்கட்டு முனகும். பாலிமர் பிடி போட்ட 22/45 வகை அவர்களுக்குப் பொருந்தும். மேகசின் இல்லாமல் சுடாத தடுப்பு இதிலும் தொடர்கிறது. டிரிக்கர் மோசமில்லை, ஆனால் போட்டிக்கென்றே செய்த ஐரோப்பியப் பிஸ்டல்களோடு வைத்துப் பேச முடியாது. விலையும் இப்போது 37.50 இல்லை. வெளிவந்தபோதே பட்டியல் விலை 500 டாலரைத் தாண்டியிருந்தது.

மார்க் 3 வைத்திருப்பவர் அதை விற்றுவிட வேண்டுமா? வேண்டாம். சுடும் விஷயத்தில் இரண்டுக்கும் வித்தியாசம் கண்டுபிடிக்க எனக்குத் திறமை போதவில்லை. நண்பரின் பிஸ்டலை இரண்டாம் முறை பிரித்துச் சேர்க்கப் பதினைந்து நிமிடம்தான் ஆனது. புதிதாக வாங்குகிறவருக்கு மட்டும் மார்க் 4 தவிர வேறு யோசனை தேவையில்லை.

அதையே பழையதாக வாங்குகிறவருக்கு ஒரு வார்த்தை. 2017 ஜூனில் ரூகர் மார்க் 4 பிஸ்டல்களைத் திரும்ப அழைத்தது. அந்த மாதத்துக்கு முன் செய்தவற்றில், சேஃப்டி நெம்பு ஏறியும் ஏறாமலும் நடுவில் நிற்கும்போது டிரிக்கரை இழுத்தால் அப்போது சுடாது, பிறகு நெம்பைச் சுடும் நிலைக்குத் தள்ளும்போது சுட்டுவிட வாய்ப்பு இருந்தது. பாகத்தை இலவசமாக மாற்றிக் கொடுத்தார்கள். ஆனால் எல்லோரும் அனுப்பி மாற்றியிருப்பார்கள் என்று நம்ப முடியாது. காசு கொடுப்பதற்கு முன் மேல்பாகத்தில் உள்ள வரிசை எண்ணை நிறுவனத்தின் தளத்தில் போட்டுப் பாருங்கள். மாற்றாத பிஸ்டல் என்று தெரிந்தால், மாற்றி வரும்வரை அதில் ஒரு தோட்டாவும் ஏற்ற வேண்டாம்.